ரெண்டாவது சாட்சி

இதை எனக்கு முதலில் சொன்னது எதிர்வீட்டு அஃபீஃபா. போன நோன்புப் பெருநாளுக்கு மறுநாள், எங்கள் வீட்டுக் கிண்ணத்தைத் திருப்பிக் கொடுக்க வந்தவள், அடுப்படியில் நின்றபடியே சொன்னாள்.

அது நடந்த அன்றைக்கு இருபத்தொன்பதாம் நோன்பு. சாயங்காலம் பிறை தெரிந்தால் விடிந்ததும் பெருநாள். தெரியாவிட்டால் இன்னொரு நோன்பு. மேற்கே ஒரே மேகம். எந்த ஊரிலிருந்தும் தகவல் இல்லை.

அஃபீஃபாவின் வீட்டுக்காரர் தாஜுதீன், பேரீச்சம்பழத்தை வாயில் போட்டு நோன்பு திறந்த கையோடு எழுந்துவிட்டார்.

"எங்கேங்க கிளம்பிட்டீங்க? கஞ்சி ஆறுது."

"ஷரீபா வீட்டு மாடிக்கு. அவ மகன் ஹாலித் பிறை பாக்கப் போயிருக்கானாம்."

"பாத்துட்டுப் போறான்."

"அவனுக்கு நாளைக்குச் சாயங்காலம் துபாய் ஃபிளைட். மக பொறந்ததிலேருந்து ஒரு பெருநாளுக்கு அவன் வீட்ல இருந்ததில்ல. நாளைக்கே பெருநாள் வந்தாத்தான் உண்டு. இன்னைக்கு அவன் கண்ணுக்குப் பஞ்சுமிட்டாய் கூட பிறையாத்தான் தெரியும்!"

அதைக் கேட்டதும் அஃபீஃபாவுக்கும் சந்தேகம் தொற்றிக்கொண்டது. முக்காட்டை இழுத்து விட்டுக்கொண்டு பின்னாலேயே போனாள்.

மாடியில் ஹாலித் நின்றிருந்தான். அவன் விரலைப் பிடித்தபடி மகள் இன்ஷா. பக்கத்தில் பள்ளிவாசல் செயலாளர் முஜிபுர் ரஹ்மான். அவர் வானத்தைப் பார்த்ததை விட ஹாலிதைப் பார்த்ததுதான் அதிகம்.

"என்ன மாப்ளே, பிறை உன் மொபைல்லயே வந்துடுச்சா?" என்றார் தாஜுதீன்.

"இன்னும் தெரியல மாமு."

"தெரியும், தெரியும். டிக்கெட் எடுத்தவனுக்குத் தெரியாம வேற யாருக்குத் தெரியும்?"

ஹாலித் தலையைக் குனிந்துகொண்டான்.

மேகம் கொஞ்சம் விலகியது. மலைக்கோட்டைக்குத் தெற்கே மெல்லிசாக ஒரு வெள்ளைக் கீற்று.

"அதோ! பிறை! சுப்ஹானல்லாஹ்!"

கத்தியது தாஜுதீன்தான்.

"அத்தா, நாளைக்குப் பெருநாளா?" இன்ஷா குதித்தாள்.

முஜிபுர் ரஹ்மான் கண்ணைச் சுருக்கிப் பார்த்தார். "எனக்குச் சரியாப் புலப்படலையே. தாஜுதீன் பாய் ஒரு சாட்சி. இன்னொருத்தரும் பாத்திருந்தா, பெருநாள் அறிவிக்கச் சொல்லி காஜிக்குச் சொல்லிடலாம். ஹாலித், நீ சொல்லுப்பா. பிறைதானே?"

அஃபீஃபா வானத்தைப் பார்க்கவேயில்லை. ஹாலித் முகத்தைத்தான் பார்த்தாள். 'பழம் நழுவிப் பால்ல விழுந்துடுச்சு. ஆமான்னு சொல்லப் போறான் பாரு.'

ஹாலித் மகளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டான்.

"இல்லைங்க. விமானம் போன தடம் அது. பாருங்க, நீண்டுக்கிட்டே போய்க் கலையுது."

கலைந்துதான் போனது. அப்புறம் பிறை தெரியவே இல்லை. மறுநாளும் நோன்பு என்று ஆகிவிட்டது.

படி இறங்கும்போது அஃபீஃபா புருஷன் காதில் கிசுகிசுத்தாள். "இவ்வளவு சுளுவா இல்லைங்கிறான்னா, ஃபிளைட்டைத் தள்ளிப் போட்டிருப்பாங்க. நம்மகிட்ட மறைக்கிறான்."

தாஜுதீன் சுவரைத் தடவிக்கொண்டே இறங்கினார்.

மறுநாள் சாயங்காலம் அஸர் தொழுததும், ஏலக்காய் கேட்கிற சாக்கில் ஷரீபா வீட்டுக்கே போய்விட்டாள். வாசலில் கயிறு கட்டிய பெட்டி. உள்ளே இன்ஷா, பெருநாள் கவுனும் வளையலுமாக. ஹாலித் அவளுக்குச் சேமியா ஊட்டிக்கொண்டிருந்தான். அவன் உதடு நோன்பில் காய்ந்து கிடந்தது.

"பெருநாள் உடுப்புல அவ அத்தா ஒரு தடவை பாத்துட்டுப் போகட்டும்னு இன்னைக்கே போட்டுவிட்டேன் அஃபீஃபா" என்றாள் ஷரீபா. சொல்லிவிட்டு அடுப்படிப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

ஏலக்காய் கேட்க அஃபீஃபாவுக்கு வாய் வரவில்லை. வீட்டுக்கு வந்து அழுதுவிட்டாள்.

"தங்கமான பிள்ளையைப் போய்ச் சந்தேகப்பட்டுட்டோமேங்க! பொய் சாட்சி சொல்லிடுவான்னுதானே நீங்க காவலுக்குப் போனீங்க?"

தாஜுதீன் தஸ்பீஹ் மணி உருட்டுவதை நிறுத்தினார்.

"காவலுக்குப் போகல புள்ள. பிறை பாத்தேன்னு அவன் ஒருத்தனா சொன்னா யாரும் ஏத்துக்க மாட்டாங்க. கூட நிக்க ஒரு ஆள் வேணுமேன்னுதான் போனேன். ரெண்டு பேரும் கூட்டுன்னு யாரும் நினைச்சிடக் கூடாதுன்னுதான் அவனை அவ்வளவு பேச்சுப் பேசினேன்."

"அப்ப நீங்க பாத்தது?"

"எனக்கு மலைக்கோட்டையே மங்கலாத்தான் தெரியுது. வெள்ளையா என்னமோ இருந்துச்சு. பிறையா இல்லையான்னு நான் பாக்கவே இல்ல, கத்திட்டேன். அந்தப் பச்சைப் புள்ளைக்காக ஊரோட நோன்பையே விட வச்சிருப்பேன். அல்லாஹ்கிட்டேருந்து என்னைக் காப்பாத்தினது அவன்தான்."

ஹாலித் இப்போது துபாயில்தான் இருக்கிறான். வருகிற பெருநாளைக்காவது அவனுக்கு லீவு கிடைக்க வேண்டும். தொழுகிறவர்கள் தொழும்போது, கும்பிடுகிறவர்கள் கும்பிடும்போது, அவனுக்காக ஒரு வார்த்தை கேட்டு வையுங்கள்.