எண்ணூறு மீற்றரில் ஒரு மதில்

“ஐயா, ஆறாம் தரம் வாறன். இண்டைக்காவது கையெழுத்து வைப்பியளோ?”

“ஏழாம் தரம் வந்தாலும் இதுதான் பதில் தம்பி. என்ரை மதில் அசையாது.”

கதிரவேலர் கேற்றைக்கூட முழுதாகத் திறக்கவில்லை. ஜெயதீபனுக்குத் தலை வெடித்தது.

ஜெயதீபன் போன மாதம்தான் இடமாற்றம் பெற்று வந்த வீதித் திணைக்களத் தொழில்நுட்ப உத்தியோகத்தர். வந்த அன்றே தலையில் கட்டிவிட்டார்கள் இந்தக் குறுக்கு வீதியை.

வீதி என்றால் பெரிய வீதி இல்லை. பலாலி வீதியையும் காங்கேசன்துறை வீதியையும் தொடுக்கிற எண்ணூறு மீற்றர். ஒரு காலத்தில் மாட்டுவண்டி போன ஒழுங்கை. பிறகு கல்லும் மக்கியும் போட்டார்கள். பிறகு தார். பிறகு சண்டை வந்து, தார் போய்க் கிடங்குதான் மிஞ்சியது. இருபது வருடம் சனம் சைக்கிளை உருட்டிக்கொண்டு போனது.

இப்போதுதான் வீதியை அகலித்துக் காபெட் தார் போடப் போகிறார்கள். நடுக்கோட்டில் இருந்து இரண்டு பக்கமும் சமனாக அளந்து, ஆளுக்கு ஐந்தடி விடவேண்டும். ஒரு பக்கம் மட்டும் எடுக்கச் சட்டம் இல்லை. நாற்பத்திரண்டு வீட்டுக்காரர் விட்டுவிட்டார்கள். ஒருவர் பெயின்ற் காயாத மதிலையே இடித்துக் கொடுத்தார்.

நடுவில் நிற்கிறது கதிரவேலரின் மதில், தொண்டையில் சிக்கிய முள்ளாக. அவர் எழுத்தில் மறுத்தால் அந்த இடத்தில் மட்டும் பழைய அகலத்துக்குத்தான் காபெட். ஒரு பஸ் வந்தால் எதிரே வருகிற ஓட்டோ நின்று வழிவிட வேண்டும். காலம் முழுக்க இழுபறி.

“தம்பி, அந்த மனுசனோடை என்ன கதை?”

குரல் எதிர்வீட்டில் இருந்து வந்தது. மக்டலீன். அப்பம் சுட்டு விற்றுப் பிழைக்கிற தனி மனுசி. அகப்பையோடு வேலிக்கு வந்துவிட்டாள்.

“எட்டுப் பரப்புக் காணி வைச்சிருக்கிறவருக்கு ஐஞ்சடி தர மனமில்லை. அரைப் பரப்பு வைச்சிருக்கிற நான் குடுத்திட்டன்! றோட்டு அகண்டு பஸ் வந்தால் எனக்கும் நாலு அப்பம் கூட விக்கும். அது பொறுக்கேல்லை அவருக்கு!”

இந்த நேரம் பார்த்து மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கினார் தியாகலிங்கம். வீதிக்குழுத் தலைவர். வீடு வீடாகப் படிவம் கொண்டுபோய்க் கையெழுத்து வாங்கியவர் அவர்தான்.

“பாத்தியளோ? இல்லாதவளுக்கு இருக்கிற மனசு, றோட்டு வேலை பாத்துப் பென்சன் எடுக்கிற இந்த ஓவசியருக்கு இல்லை. சுடலைக்கு மதிலையும் கொண்டுபோகப் போறார் போல.”

கதிரவேலர் கேட்டுக்கொண்டு நின்றார். கோபம் வந்ததாகவும் தெரியவில்லை, வெட்கம் வந்ததாகவும் தெரியவில்லை. எருமையில் மழை பெய்தது போல.

ஜெயதீபனுக்கு இனிப் பொறுமை இல்லை.

“சரி ஐயா. தரமாட்டன் எண்டு எழுதித் தாங்கோ. இண்டையோடை இந்த வழக்கை முடிப்பம். ஊர் உங்களைத் திட்டினால் நான் பொறுப்பில்லை.”

“எழுதுறன்.”

கதிரவேலர் பேனை எடுக்க உள்ளே போனார். தியாகலிங்கம் தலையில் அடித்துக்கொண்டு வண்டியைத் திருப்பினார். சட்டி கருகுகிறதென்று மக்டலீன் பின்பக்கக் குசினிக்கு ஓடினாள்.

கோப்பில் அளவு குறிக்க வேண்டும். ஜெயதீபன் அளவுநாடாவை இழுத்தான். கதிரவேலர் பக்கம் ஐந்தடியில் போவது மதிலும் ஒரு முருங்கை மரமும். மனுசனுக்கு இதில் என்ன நட்டம் என்று எரிச்சல் இன்னும் கூடியது.

கடமைக்கு எதிர்ப்பக்கமும் இழுத்தான்.

நாடா வேலியைத் தாண்டியது. துண்டு முற்றத்தைத் தாண்டியது. வாசற்படியையும் தாண்டி, ஐந்தாவது அடியில் முன்னறைக்குள் மக்டலீனின் கட்டிலில் போய் முட்டியது. அந்த வீட்டில் இருந்ததே ஒன்றரை அறை.

ஜெயதீபன் அவசரமாக மக்டலீனின் படிவத்தைத் தேடி எடுத்தான். ‘வேலி மட்டும் பாதிப்பு’ என்று எழுதியிருந்தது. தியாகலிங்கத்தின் கையெழுத்து. கீழே அவள் பெயர், கோணல்மாணலாக.

கதிரவேலர் கடிதத்தோடு வந்தார்.

“ஐயா, உந்த வீடு... உங்களுக்கு முதலே தெரியுமோ?”

“முப்பது வருசம் ஓவசியராய் இருந்தனான் தம்பி. நான் மாட்டன் எண்டால் நீங்கள் எதிர்ப்பக்கமும் தொடேலாது.”

“ஒரு வார்த்தை எங்களுக்குச் சொல்லியிருக்கலாமே?”

“போன வருசமே எழுதினனான். பத்தடியையும் என்ரை பக்கத்திலை எடுங்கோ எண்டு. கோப்பிலை கிடக்கும், பாருங்கோ.”

கிடந்தது. அடியில் சிவப்பு மையில் யாரோ எழுதியிருந்தார்கள்: ‘நடுக்கோட்டை மாற்ற இயலாது.’

ஜெயதீபனுக்கு முகத்தை எங்கே வைப்பதென்று தெரியவில்லை.

“அவவுக்கெண்டாலும் சொல்லியிருக்கலாம்.”

“சொன்னால் அவவெல்லோ மாட்டன் எண்டு நிக்கவேணும்? பிறகு ஊர் என்னை விட்டிட்டு அவவைத் தின்னும். அவ அப்பம் விக்கிறது இந்த ஊருக்குத்தானே. எனக்கென்ன, ஒருத்தரும் முகம் பாக்காட்டிலும் பென்சன் வரும்.”

மறுப்புக் கடிதத்தை நீட்டினார். ஜெயதீபன் இரண்டு கையாலும் வாங்கினான்.

எதிர்வீட்டில் மக்டலீன் திரும்பவும் தொடங்கிவிட்டாள். இந்தமுறை கதிரவேலரின் பரம்பரையையே இழுத்தாள்.

“ஐயா, இதையெல்லாம் கேட்டுக்கொண்டு எப்பிடி...”

“திட்டட்டும் தம்பி,” என்றார் கதிரவேலர். “தன்ரை வீட்டுக்குள்ளை இருந்து திட்டட்டும்.”