எகிப்தியர் புத்தகத்தின் முதல் வாசகி

"பழைய எகிப்தியரைப் பத்திப் பிள்ளைங்களுக்குச் சொல்லப் படமே போதும் சார். எழுத்தை யார் படிக்கிறாங்க?" என்று கைப்பிரதியை ஓரந்தள்ளினார், பேரத்தில் பழம் தின்று கொட்டை போட்ட பதிப்பாளர்.

எழுத்தாளர் அசரவில்லை. "என் பொண்ணு ஒரு வரி விடாம படிச்சிட்டாளே!"

"காக்கைக்கும் தன் குஞ்சு பொன்குஞ்சுதான். அத்தாட்சி உண்டா?"

"இல்லாமலா? வீட்டுப் பூனை செத்தா, துக்கத்துக்கு எகிப்தியர் புருவத்தை மழிச்சுக்குவாங்கன்னு எழுதியிருக்கேன். நேத்து எங்க பூனை செத்துப்போச்சு. மத்தியானம் நான் அசந்து தூங்கிட்டேன்..."

எழுத்தாளர் தம் பெரிய கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினார். இரண்டு புருவத்தையும் காணோம்.

பதிப்பாளர் ஓரந்தள்ளிய கைப்பிரதியை மறுபடி தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"எழுத்து அப்படியே இருக்கட்டும் சார். பிணத்தை மம்மியாக்குற பக்கத்தை மட்டும் எடுத்துடலாம்!"