இரண்டு அங்குல மடிப்பு

சீருடை தைப்பவர்கள் இப்போதெல்லாம் டேப்பைத் தொடுவதில்லை. பள்ளி வாசலே பிள்ளைகளை அளந்து எண்களை அனுப்பிவிடும். நிரல் எழுதி அந்த எண்களை அலசத் தெரிந்தவர்களுக்குத்தான் தையல் வேலை. அதனால் நாற்பத்தோரு வயதில் குணவதியும் கணினி முன்னால் வந்து உட்கார்ந்தாள்.

அன்றைய பாடம், விட்டுப்போன எண்களை நிரப்புவது. பயிற்சிப் பட்டியலில் பெயர்கள் இல்லை, மாணவர் எண்கள் மட்டும்தான். 4417-ஐக் கண்டதும் அவள் விரல் நின்றது. மகள் இதழிகாவின் காலருக்குள் அவளே சிவப்பு நூலில் தைத்த எண். நான்காம் வகுப்பில் 128 சென்டிமீட்டர். பிறகு எல்லாம் வெற்றுக் கட்டங்கள். அந்த வருடக் காய்ச்சல் பிள்ளையைக் கொண்டுபோய்விட்டது.

"ரன் பண்ணுங்கக்கா. மத்த பிள்ளைங்க வளர்ந்ததை வச்சு அதுவே நிரப்பிக்கும்," என்றாள் பயிற்சி கொடுக்கும் ரெஹானா.

ஐந்தாம் வகுப்பு, 134. ஆறாம் வகுப்பு, 140. ஏழாம் வகுப்பு, 147. குணவதி எழுந்து நின்று, அந்த உயரத்தில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தாள். கை அவள் கண்ணுக்கு நேரே நின்றது.

பட்டியலில் ஏதாவதொரு பிள்ளைக்கு ஏழாம் வகுப்புப் பாவாடை தைத்துக் காட்டினால் பாடம் முடியும். 4417-க்கு அவள் தைத்ததை ரெஹானா திருப்பிப் பார்த்தாள்.

"அளவு சரியாத்தான் இருக்குக்கா. உள்ள எதுக்கு ரெண்டு இன்ச் மடிச்சு விட்டிருக்கீங்க? அடுத்த வருஷ அளவு தானா வந்துடுமே."

குணவதி நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள்.

"வளர்ற பிள்ளைம்மா," என்றாள்.