இறக்காத கை

எங்கள் ஊரை நகராட்சியோடு சேர்க்கக் கூடாது என்று கிராம சபையில் எல்லோரும் கை தூக்கினோம். சேர்த்துவிட்டால் டவுன் குப்பை முழுக்க எங்கள் குளத்தில்தான் வந்து விழும். ஒன்றிய அலுவலகத்திலிருந்து வந்த அதிகாரி எண்ணி எழுதிக்கொண்டு, “போதும், இறக்குங்க” என்றார். ஊராட்சித் தலைவர் சண்முகக்கனி இறக்கவில்லை. “பதில் வரட்டும் சார். போன தடவையும் தூக்குனோம். மேல போய்க் கேட்டா, ஒருத்தரும் தூக்கலைன்னுட்டாங்க.” அதனால் நாங்களும் இறக்கவில்லை. ஒற்றைக் கையால் மாடு கறந்தோம், பிள்ளைகளைக் குளிப்பாட்டினோம். தூங்கும்போது தூக்கிய கையைத் துண்டால் ஜன்னல் கம்பியில் கட்டிக்கொண்டோம். தோள்கள் மரத்துப்போயின. மழைக்காலம் முடிந்ததும் அதே அதிகாரி ஜீப்பில் வந்தார். பின்னால் ஒரு வேன் நிறையப் போலீஸ். உத்தரவைப் படித்தார். ஊர் நகராட்சியோடு சேர்ந்துவிட்டதாம், இனிமேல் கிராம சபையே கிடையாதாம். “ஆட்சேபணை இருக்கிறவங்க கை தூக்கலாம்.” சண்முகக்கனி தூக்கிய கையை ஆட்டிக் காட்டினார். “தூக்கிக்கிட்டுத்தான சார் நிக்கோம்.” “அது பழைய தீர்மானத்துக்குத் தூக்குனதும்மா. இதுக்குத் தனியா தூக்கணும்.” சண்முகக்கனி இடுப்பிலிருந்த குடத்தைக் கீழே வைத்துவிட்டு மறு கையையும் தூக்கினார். ஊரே தூக்கியது. இரண்டு கைகளையும் தூக்கி நின்ற எங்களை அதிகாரி கொஞ்ச நேரம் பார்த்தார். போலீஸ்காரர் ஒருவரைக் கூப்பிட்டு ஃபோட்டோ எடுக்கச் சொன்னார். பிறகு, “அப்படி வாங்க வழிக்கு” என்றார்.