அடியில் கழுவாத கார்

இப்போதைய ஆட்கள் காரைக் கழுவினால் மேல்பக்கம் மட்டும்தான் கழுவுகிறார்கள். முகம் பார்த்துப் பவுடர் போடலாம், அப்படிப் பளபளக்கும். அடியில் என்ன ஒட்டியிருக்கிறது என்று ஒருவனும் குனிந்து பார்ப்பதில்லை.

நான் என் மோட்டார் சைக்கிளைக் கழுவினால் அடியிலிருந்துதான் ஆரம்பிப்பேன்.

என் மகள் ஜெனவீவ் காரும் அந்த ரகம்தான். மேலே மினுக்கு. மேடு பள்ளத்தில் ஏறினால் முன்பக்கம் கடக் கடக் என்று அடித்துக்கொள்கிறது. என்ன சத்தம் என்று கேட்டால், ரேடியோவைக் கூட்டி வைத்தால் கேட்காது என்கிறாள்.

வார்க்ஷாப்பில் விடச் சொன்னாள். விட்டால் நல்ல சாமானைக் கழற்றிக்கொண்டு எவன் காரிலிருந்தோ கழற்றியதை மாட்டி அனுப்புவான்கள். நாற்பது வருஷம் தோட்டத்து லோரி ஓட்டினவன் நான். எனக்குத் தெரியாதா.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்ததும் வீட்டு முன்னால் ஜேக் வைத்துத் தூக்கினேன். முன் டயர் இரண்டும் அந்தரத்தில் நிற்க வேண்டும். ஒரு பக்கம் மட்டும் தூக்கினால் உள்ளே கம்பி முறுக்கிக்கொண்டு நிற்கும், லிங்க் லேசில் வராது.

ஸ்டெபிலைசர் லிங்க் என்பது பெரிய விஷயம் ஒன்றும் இல்லை. ஒரு சாண் கம்பி. இரண்டு முனையிலும் குமிழ் மாதிரி ஒரு மூட்டு. மூட்டு தேய்ந்தால் சத்தம்.

ஜெனவீவ் பக்கத்திலேயே நின்றாள். டயர் நட்டுகளைக் கையில் வைத்திருந்தாள். கீழே வை என்றேன். வைக்கவில்லை.

இடது பக்கத்து லிங்க்கைக் கழற்றி ஆட்டிப் பார்த்தேன். செத்த கோழியின் கழுத்து மாதிரித் தொங்கியது.

எனக்கு அங்கேயே சரியாகப் படவில்லை. சுங்கைப் பட்டாணி டவுனுக்கு வேலைக்குப் போய் வருகிற கார். நல்ல தார் ரோடு. ஒரு வாரம் விட்டு ஒரு வாரம் சனிக்கிழமையும் பேக்டரியில் ஓவர்டைம் என்று அதே ரோட்டில்தான் போவதாகச் சொல்கிறாள். தார் ரோட்டில் ஓடிய லிங்க் இந்தக் கதிக்கு வராது.

சக்கரத்துக்குப் பின்னால் ஒரு தகடு இருக்கிறது. அதன் மடிப்பில் கை விட்டேன். செம்மண் கட்டி கட்டியாக வந்தது. மண்ணோடு பால்மரக் கொட்டைகள், ரப்பர் மரத்துக் கொட்டைகள். ஏழு.

எங்கள் வீட்டைச் சுற்றி எல்லாம் செம்பனை. அவள் பேக்டரிக்குப் போகிற வழியில் பால்மரமே கிடையாது. அதற்குப் பாலிங் பக்கம் போக வேண்டும்.

பாலிங் பக்கம், பால்மரக் காட்டுக்குள்தான் என் மகன் ஜூலியஸ் இருக்கிறான்.

சாஃபியாவைக் கட்டிக்கொண்டு அவள் மார்க்கத்துக்குப் போனவன். ஞானஸ்நானத்தில் நான் வைத்த பெயர் இப்போது அவன் அடையாளக் கார்டில் இல்லை. ஆறு வருஷத்துக்கு முன்னால் வீட்டில் எல்லாருக்கும் ஒரே பேச்சுதான் சொன்னேன். அவன் வாசலில் கால் வைக்கிறவர்கள் என் வாசலில் கால் வைக்கக் கூடாது.

அந்தப் பேச்சை நான் மாற்றவில்லை. நானும் அவன் வாசலில் கால் வைத்ததில்லை.

கொட்டைகளைத் துடைத்துச் சிமெண்டுத் தரையில் வரிசையாக வைத்தேன். ஜெனவீவ் கையில் நட்டுகள் ஒன்றோடொன்று உரசின.

பேக்டரி கார் பார்க்கில் ஒரு மரம் இருக்கிறது என்றாள்.

பால்மரத்தை நட்டு அதன் நிழலில் கார் நிறுத்துகிற பேக்டரியை நான் இன்னும் பார்க்கவில்லை என்றேன். அவள் சிரிக்கவில்லை. நானும் சிரிப்பதற்காகச் சொல்லவில்லை.

கொட்டைகளைப் பார்த்துக்கொண்டே கேட்டாள்.

“துணியெல்லாம் எடுத்து வச்சிக்கவாப்பா?”

அந்த எல் கீயை எடு என்றேன்.

முன்னாடியே வாங்கி வைத்திருந்த புது லிங்க்கைப் பழையதோடு சேர்த்துப் பிடித்து அளந்தேன். நீளம் சரியாகத்தான் இருந்தது. டப்பாவில் ஒரு வருஷம் கேரண்டி என்று போட்டிருந்தது. டப்பாவில் எதை வேண்டுமானாலும் போடலாம்.

நட்டை முறுக்கும்போது போல்ட்டும் சேர்ந்து சுற்றும். நடுவில் எல் கீயைக் குத்திப் பிடித்துக்கொண்டு முறுக்க வேண்டும். எல் கீயை அவளைப் பிடிக்கச் சொன்னேன். அவள் கையிலிருந்து இரண்டு தடவை நழுவியது. மூன்றாவது தடவை நின்றது.

வலது பக்கத்தையும் மாற்றினேன். ஒரு பக்கம் மட்டும் மாற்றுகிறவன் மடையன்.

டயரை மாட்டி, காரை இறக்கி, நானே ரோட்டு முனை வரைக்கும் ஓட்டிப் போனேன். அங்கே இருக்கிற மேட்டில் ஏற்றி இறக்கினேன். சத்தம் இல்லை. திரும்பி வந்தபோது அவள் அதே இடத்தில் நின்றாள். கொட்டைகளும் அதே வரிசையில் கிடந்தன.

சாவியைக் கொடுத்தேன்.

“சனிக்கிழமை போறப்ப பாலத்துக்கு முன்னாலயே திரும்பிடு, சூராவ் பள்ளிவாசல் இருக்கிற சிம்பாங்குல. பாலத்துக்கிட்ட ரோடு போன வாரம் இடிஞ்சிருச்சி. எடது டயர் உள்ள போயிரும்.”

அவள் சாவியை வாங்கிக்கொண்டாள். சுவரோரம் நின்ற என் மோட்டார் சைக்கிளைப் பார்த்தாள். சக்கரம், செயின், மட்கார்ட் உள்பக்கம் எல்லாம் பார்த்தாள். சுத்தமாக இருந்தது. வியாழக்கிழமைதான் கழுவியிருந்தேன்.

பழைய லிங்க் இரண்டையும் காலி டப்பாவையும் எடுத்துக்கொண்டு கொல்லைப் பக்கம் நடந்தேன்.

ஒரு வருஷமாம். எழுதினவன் அந்த ரோட்டைப் பார்த்திருக்க மாட்டான்.