பிற்பகல் வரை

அவன் கடிகாரத்துக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தான்.

எதிரே உட்கார்ந்தால் பார்க்க வேண்டியிருக்கிறது. பார்த்தால், காத்திருப்பது போல இருக்கிறது.

கதவுக்கு அந்தப் பக்கம், தீவிர சிகிச்சைப் பிரிவில், அப்பா. காலையில் சவரம் செய்துகொண்டிருந்தவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

கருவூல அலுவலகத்தில் அவருக்கு இன்று கடைசி நாள்.

தணிகாசலம் மாமா வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். அம்மாவின் தம்பி. குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"சங்கத்துல கேட்டுட்டேன் மாப்ளே. ரிட்டயர்மென்ட் ஆர்டர்ல பிற்பகல்னுதான் போட்டிருக்கு. அஞ்சே முக்காலுக்கு ஆபீஸ் முடியற வரைக்கும் அப்பா சர்வீஸ்லதான்."

"அதுக்கு?"

"அதுக்கு ஒண்ணுமில்ல. சும்மா சொன்னேன்."

அதற்கு என்ன என்று அவனுக்குத் தெரியும். அந்த ஊரில் அரசாங்கச் சம்பளம் வாங்குகிற எல்லா வீட்டுக்கும் தெரியும். சர்வீஸில் இருக்கும்போது போனால் வாரிசுக்கு வேலை. ஓய்வு பெற்ற பிறகு போனால் பூமாலை மட்டும்.

வாரிசுக்கு முப்பத்து நான்கு வயது. அவன் எழுதாத பரீட்சை இல்லை. கடைசியாக எழுதியது ஒன்றரை மார்க்கில் போனது. அடுத்த வருடம் கருணை அடிப்படை வேலைக்கும் வயது தாண்டிவிடும்.

அப்பா பிழைக்க வேண்டும். அதில் அவனுக்குச் சந்தேகமே இல்லை.

கழுத்துதான் அவ்வப்போது திரும்பியது.

டாக்டர் வெளியே வந்தார்.

"சாயங்காலம் வரைக்கும் பார்க்கணும். அதைத் தாண்டிட்டா பயமில்லை."

மாமா தலையாட்டினார். "நாங்களும் அதைத்தான் பேசிக்கிட்டிருந்தோம் டாக்டர்."

அம்மா தாலியைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு முணுமுணுத்துக்கொண்டிருந்தாள். கொஞ்ச நேரம் கழித்து மாமாவும் கண்ணை மூடிக் கைகூப்பினார்.

என்ன வேண்டிக்கொள்கிறார் என்று அவன் கேட்கவில்லை.

மதியம் நகர மறுத்தது. அவன் எழுந்து நடந்தான். எந்தப் பக்கம் நடந்தாலும் திரும்பி வரும்போது கடிகாரம் எதிரே வந்தது. மறுபடியும் உட்கார்ந்தான்.

படியில் ஆட்கள் ஏறி வரும் சத்தம்.

முதலில் வந்தது ஜெசிந்தா மேடம். அப்பாவின் அலுவலகத்தில் வேலை பார்ப்பவர். இரண்டு கையிலும் ஏந்தியபடி அப்பாவின் பெரிய போட்டோ. போட்டோவுக்கு ரோஜா மாலை. பின்னால் நான்கைந்து பேர், தலை குனிந்து, செருப்புச் சத்தம் கேட்காமல்.

அம்மா அலறினாள்.

வராந்தா முழுக்க எழுந்து நின்றது. யாரோ தண்ணீர் பாட்டிலோடு ஓடி வந்தார்கள். முன்பின் தெரியாத ஒரு பெரியவர் அவன் தோளைத் தொட்டு, தைரியமாக இரு தம்பி என்றார்.

மாமா கடிகாரத்தைப் பார்த்தார்.

"ஐயோ அக்கா, சாருக்கு ஒண்ணுமில்லக்கா. நாங்க விழாவுலேர்ந்து வர்றோம்." ஜெசிந்தா மேடத்துக்கு மூச்சு வாங்கியது. "பணி நிறைவு விழா. ஹால் புடிச்சாச்சு, சாப்பாடு சொல்லியாச்சு. சார் நாற்காலி மட்டும் வெறிச்சுன்னு கிடந்துச்சு. அதான் போட்டோவ வச்சு நடத்திட்டோம்."

"ரொம்ப நல்லா நடந்துச்சு," என்றார் பின்னால் நின்றவர். "ரெண்டு பேர் பேச முடியாம அழுதுட்டு உக்காந்துட்டாங்க."



அம்மா போட்டோவை வாங்கினாள். மாலையைக் கழற்றித் தம்பியின் மடியில் போட்டாள். முந்தானையால் கண்ணாடியைத் துடைத்தாள்.

"எடுத்து வை," என்றாள். "எதைக் கேக்கணும்னாலும் சங்கத்துலதான் கேப்பியா? எனக்குக் காது கேக்கும்டா."

மாமா மாலையை மடியில் வைத்துக்கொண்டு கல்யாணம் நின்றுபோன மாப்பிள்ளை போல உட்கார்ந்திருந்தார்.

நர்ஸ் கதவைத் திறந்து எட்டிப் பார்த்தாள்.

"முழிச்சுட்டார். யாராவது ஒருத்தர் மட்டும் வாங்க."

அம்மாவால் எழுந்திருக்க முடியவில்லை. நீ போ என்று கை காட்டினாள். ஜெசிந்தா மேடம் பையிலிருந்து சரிகை போட்ட சால்வையை எடுத்து அவன் கையில் திணித்தார்.

"இதையாவது சாருக்குப் போத்திடு தம்பி."

உள்ளே போகுமுன் அவன் நின்றான். நேராகத் திரும்பி, நிதானமாகக் கடிகாரத்தைப் பார்த்தான்.

ஐந்துகூட ஆகவில்லை.

அப்பாவின் ஒரு கன்னம் வழவழப்பாக இருந்தது. மறு கன்னத்தில் இரண்டு நாள் தாடி. உடம்பெங்கும் ஒயர்கள். அவர் கண்கள் சுவர் சுவராகத் தேடிவிட்டு அவனிடம் வந்தன.

"மணி என்னடா?"

"ஆறுப்பா."

"ஆபீஸ்?"

"பூட்டிட்டு எல்லாரும் கிளம்பியாச்சு. வெளிய நிக்கிறாங்க."

அப்பா கண்ணை மூடினார். முப்பத்தாறு வருடம் அடுத்தவர்களின் பென்ஷனைக் கணக்குப் பார்த்தவர். உதடு லேசாக அசைந்தது.

"அடடா," என்றார்.

கண் முன்னால் கிளம்பிப் போகும் பஸ்ஸைப் பார்க்கிறவரின் குரல்.

அவன் சால்வையைப் பிரித்தான். ஒயர்களில் படாமல், கழுத்து வரை இழுத்துப் போர்த்தினான்.

"வேற ஏதாவது பாத்துக்கலாம்ப்பா."

அப்பா கூரையைப் பார்த்தார்.

பிறகு, கீழே கேன்டீனில் இட்லி கிடைக்குமா என்று கேட்டார்.