முள்ளம்பன்றிப் பேட்டைக்கு ஒரு டிக்கெட்

"சமையல் வகுப்பெல்லாம் வேண்டாம்மா. நடந்து போய்ப் பார்க்கிற மாதிரி ஏதாவது சொல்லேன்."

சுற்றுலாக் கவுண்டரில் இருந்த ஒரியானா அட்டையைத் திருப்பினாள். "கோபுரம் ஏறலாம் சார். நானூறு படி. மேல போனா சியேனா முழுக்கத் தெரியும்."

"என் முட்டியைப் பார்த்தா நானூறு படி ஏறுற முட்டி மாதிரியா இருக்கு?"

"அப்போ திராட்சைத் தோட்டம்? மூணு வகை ஒயின், ஆட்டுப்பால் சீஸ்..."

"அது ஊருக்கு வெளிய. ஊருக்குள்ளயே... இந்த வடக்கு வாசல் பக்கம் எதுவும் போகாதா?"

"எந்த ஊர் சார் நீங்க?"

"தூரின்."

"சியேனாவுக்கு இதுதான் முதல் தடவையா?"

"முதல் தடவையேதான்" என்று கூசாமல் புளுகினார் துச்சோ.

பிறந்து அறுபத்தாறு வருஷமாக அவர் இத்தாலிய ஊரான இந்தச் சியேனாவை விட்டு எங்கும் குடிபோனதில்லை. இன்றைக்கு வேஷம். தலையில் ஓலைத்தொப்பி, கழுத்தில் கேமரா, காலுறை மாட்டிச் செருப்பு. நம்பிக்கை வரட்டும் என்று, மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு வெளியூர்க்காரர்கள் மாதிரி நுரை தளும்பும் பால் காபி வேறு குடித்துத் தொலைத்திருந்தார். வயிறு இன்னும் அவரை மன்னிக்கவில்லை.

எல்லாம் பேத்திக்காக. துச்சோ ஓநாய்ப் பேட்டைக்காரர். மகன் லாப்போ ஊரில் வேறு பெண்ணே கிடைக்காத மாதிரி, குதிரைப் பந்தயத்தில் பரம்பரை எதிரியான முள்ளம்பன்றிப் பேட்டையில் போய்ப் பெண்ணெடுத்தான். சரி, தொலையட்டும் என்று விட்டார். ஆனால் குழந்தைக்கும் அந்தப் பேட்டை நீரூற்றில்தான் தண்ணீர் தெளித்து, அந்தப் பேட்டைத் துண்டைத்தான் கழுத்தில் கட்டி, அந்தப் பேட்டைக்காரியாகவே ஆக்கப்போகிறார்கள் என்றதும் மனுஷன் கொதித்துப் போனார். "அந்த முற்றத்துல நான் காலெடுத்து வைக்க மாட்டேன்!" என்று மேஜையைக் குத்தினார்.

மனைவி ஜெம்மா ஒரு படி மேலே போனாள். "நீ மட்டும் அங்க எட்டிப் பார்த்தே, திரும்பி என் வீட்டுக்கு வராதே!"

கோபம் ஒரு வாரம் தாங்கியது. அதற்குமேல் பேத்தி லவீனியாவின் பொக்கை வாய்ச் சிரிப்புதான் கண்ணுக்குள் நின்றது. வாழ்க்கையில் ஒரே ஒரு தடவை நடப்பது. பார்க்காமல் விட்டுவிட்டு அப்புறம் எதைக் கட்டிக்கொண்டு அழுவது? இன்று காலை பல் வலி என்று ஜெம்மாவிடம் முனகினார். அவளோ, "நான் அக்கா வீட்டுக்குப் போறேன், நீ டாக்டரைப் பாரு" என்று முந்திக்கொண்டு கிளம்பிவிட்டாள். ஞாயிற்றுக்கிழமையில் எந்தப் பல் டாக்டர் என்று கேட்காமல் போனாளே, அதுவே பெரிய நிம்மதி.

"பேட்டை நடைன்னு ஒண்ணு இருக்கு சார்" என்றாள் ஒரியானா. "இன்னிக்கு முள்ளம்பன்றிப் பேட்டையில விழா. நீரூற்று முற்றம் வரைக்கும் போகும். ஒரே ஒரு இடம்தான் பாக்கி."

"குடு, குடு!" என்று பாய்ந்தவர், சட்டென்று குரலைத் தணித்து, "சும்மா... வேடிக்கை பார்க்கத்தான்" என்றார்.

வழிகாட்டி ஃபோல்கோ மஞ்சள் குடையை உயர்த்திப் பிடித்து முன்னே நடந்தான். பின்னால் ஏழே பேர். எல்லோருக்கும் தொப்பி, எல்லோருக்கும் கறுப்புக் கண்ணாடி. யாரும் யாருடனும் ஒரு வார்த்தை பேசவில்லை. நல்லதாகப் போயிற்று என்று துச்சோ தலையைக் குனிந்தபடியே நடந்தார். முற்றத்தின் வாசலில் கால் ஒரு நொடி நின்றது. செத்துப்போன அப்பாவிடம் மனசுக்குள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு உள்ளே நுழைந்தார்.

பேட்டைத் தலைவர் குழந்தையின் பெயரைக் கூப்பிட்டார். லாப்போ அவளை ஏந்தி வந்தான். பக்கத்தில் மருமகள் ஜினேவ்ரா. தண்ணீர் நெற்றியில் பட்டதும் லவீனியா வீலென்று கத்தினாள்.

"மெதுவாய்யா! பச்சப்புள்ள!" துச்சோவை மீறி வாய் முணுமுணுத்தது. துண்டு கட்டினார்கள். எதிரிப் பேட்டை நிறம்தான். ஆனால் என் கண்ணே, என்ன அழகாக இருந்தது அவளுக்கு! கண்ணாடிக்குக் கீழே பொலபொலவென்று கண்ணீர் வழிந்தது.

பக்கத்தில் பெரிய தொப்பி போட்ட அம்மாளும் விசும்பினாள். துச்சோ கைக்குட்டையை நீட்டினார். அவள் கண்ணாடியைக் கழற்றினாள்.

ஜெம்மா!

"பல் வலி எப்படிய்யா இருக்கு?" என்றாள் மூக்கை உறிஞ்சியபடி.

"உங்கக்கா வீட்டை இங்கயா மாத்திட்டா?"

"அவ எங்க மாத்தினா? இதோ பின்னால நிக்கிறா பாரு, அழுதுக்கிட்டு."

துச்சோ திரும்பினார். ஜெம்மாவின் அக்காவேதான். அவளுக்குப் பக்கத்தில் அவருடைய சொந்தத் தம்பி, தம்பி மனைவி, ரெண்டு தங்கைகள். ஏழு பேரும் ஓநாய்ப் பேட்டை!

"ஐயையோ, மருமகளுக்குத் தெரிஞ்சா மானம் போயிடும். தம்பி, எங்களைச் சீக்கிரம் வெளிய கூட்டிட்டுப் போயிடு" என்று ஃபோல்கோவின் கையைப் பிடித்துக் கெஞ்சினார் துச்சோ.

ஃபோல்கோ குடையை மடக்கினான். "விழா நாள்ல இங்க டூரே கிடையாது சார். 'கூப்பிட்டா வீம்புக்கு வரமாட்டாங்க, நீங்க டிக்கெட் போட்டு வித்தா தனித்தனியா ஒளிஞ்சு ஒளிஞ்சு வந்துடுவாங்க'ன்னு என்னையும் ஒரியானாவையும் ஏற்பாடு பண்ணதே உங்க மருமகதான்."